பெரியப்பாவுக்கு எத்தனை நாள்?

அத்தியாயம் 17

"சாம்பசிவத்தை ஏன் சாகடித்தீர்கள்?" என்று கேட்டு இந்த வாரம் ஏகப்பட்ட கடிதங்கள். திண்டிவனத்திலிருந்து ஒரு வாசகி, இனி இந்தத் தொடரைப் படிக்கப் போவதில்லை என்றே எழுதிவிட்டார். அடுத்த வாரத்துக்கான யோசனைகளையும் அதே கடிதத்தில் எழுதியிருக்கிறார் என்பதால் நான் கவலைப்படவில்லை.

நான் என்னம்மா செய்வேன்? எழுபத்து மூன்று வயது மனிதர் மாயவரம் துலாக்கட்டத்தில் ஐப்பசி முழுக்குப் போட்டார். சித்தி மகன் வீட்டுக்கு வந்து, இன்னும் ரெண்டு இட்லி என்று கேட்டு வாங்கிச் சாப்பிட்டார். நாற்காலியில் சாய்ந்தார், போய்ச் சேர்ந்துவிட்டார். இதைவிட நல்ல சாவு என் பேனாவில் கிடையாது.

புதிதாக வந்து சேர்ந்தவர்களுக்காக இரண்டு வரி. சாம்பசிவம் கல்யாணம் செய்துகொள்ளாதவர். செகந்திராபாத்தில் ஓர் அச்சகத்தில் புரூஃப் பார்த்துக்கொண்டு, மெட்டுகுடாவில் தம்பி வைத்தியநாதன் குடும்பத்தோடு முப்பது வருடம் இருந்தவர். தம்பி மகள் சுபாஸ்ரீயை ஸ்கூட்டரில் முன்னால் நிறுத்தி வளர்த்தவர். அவள் இப்போது பேகம்பேட்டில் ஒரு மென்பொருள் நிறுவனத்தில் வேலைக்குச் சேர்ந்து ஆறு மாதம் ஆகப் போகிறது. வருகிற வெள்ளிக்கிழமை வேலை நிரந்தரமாகும் நாள்.

பெரியப்பா போய் இரண்டு வாரத்துக்கு மேல் ஆகிவிட்டது. சுபா ஐந்து நாள் இருந்துவிட்டு வேலைக்குத் திரும்பியிருந்தாள். வைத்தியநாதனும் ஜலஜாவும் பதினாறாம் நாள் காரியத்தை முடித்துவிட்டு முந்தாநாள்தான் வந்து சேர்ந்தார்கள். வீடு இப்போதுதான் மறுபடி வீடு மாதிரி ஆகிக்கொண்டிருந்தது.

அந்த நேரம் பார்த்துத்தான் அழைப்பு மணி அடித்தது.

வைத்தியநாதன் கதவைத் திறந்தார். எதிரே ஒரு பெரிய மலர்வளையம் நின்றது. வெள்ளைச் சாமந்தி, நடுநடுவே ரோஜா. அதற்குப் பின்னாலிருந்து ஒரு குரல் மட்டும் வந்தது.

"வைத்தியநாதன்காரி இல்லு இதேனா?"

"ஆமா, வைத்தியநாதன் வீடு இதான்."

"சைன் சேயண்டி சார்."

வைத்தியநாதனுக்கு ஒரு குணம் உண்டு. உப்பலில் மத்திய அரசு அலுவலகம் ஒன்றில் முப்பத்து நான்கு வருடம் லீவ் செக்‌ஷனில் இருந்தவர் அவர். படிக்காமல் எதிலும் கையெழுத்துப் போட மாட்டார். கண்ணாடியை எடுத்து மாட்டிக்கொண்டு, வளையத்தில் தொங்கிய அட்டையைப் படித்தார். ஸ்ரீ டி. வைத்தியநாதன் அவர்களின் நினைவாக, சுபாஸ்ரீயின் தந்தை, ஆழ்ந்த அனுதாபங்களுடன் என்று பொன்னெழுத்தில் ஆங்கிலத்தில் போட்டிருந்தது. கீழே கம்பெனி பெயர்.

இரண்டாவது முறையும் படித்தார். எழுத்துப்பிழை எதுவும் இல்லை.

அவருக்கு இன்னொரு குணமும் உண்டு. வந்து சேர்ந்த பொருளை வரவில்லை என்று சொல்ல மாட்டார். சீட்டை வாங்கி, பெற்றுக்கொண்டவர் என்ற இடத்தில் டி. வைத்தியநாதன் என்று எழுதினார். அடுத்த கட்டம், காலமானவருக்கு என்ன உறவு? கொஞ்சம் யோசித்து 'செல்ஃப்' என்று எழுதினார். தேதியும் மணியும் போட்டார்.

"யாருங்க?" என்று சமையலறையிலிருந்து ஜலஜா கேட்டாள்.

"எனக்கு மலர்வளையம் வந்திருக்கு."

"யாரு அனுப்பினா?"

"சுபா ஆபீஸ்."

"எதுக்கு?"

"நான் செத்ததுக்கு."

கரண்டியோடு ஓடி வந்த ஜலஜா அட்டையைப் பார்த்தாள். ஹைதராபாத்தில் முப்பத்தைந்து வருடம் இருந்து அவள் சம்பாதித்த சொற்களில் முதலாவது, ஆபத்துக் காலத்தில் தானாக வாயில் வரும்.

"நக்கோ! நக்கோ! வேண்டாம், அதை உள்ள கொண்டு வராதீங்க. ஆளு குத்துக்கல்லாட்டம் நிக்கறப்போ வளையத்தை வீட்டுக்குள்ள வெக்கவா? வெளியிலயே வைங்க. முதல்ல உங்களுக்குச் சுத்திப் போடணும்."

வளையம் வெளியே செருப்பு ஸ்டாண்டின் மேல் சாய்ந்தது.

"எவனோ கிளர்க் பேரை மாத்தி அடிச்சிருக்கான். அண்ணன் பேருக்குப் பதிலா என் பேர். சாயங்காலம் சுபா வந்ததும் சொல்லிக்கலாம்," என்றார் வைத்தியநாதன். பிறகு சட்டையை மாட்டிக்கொண்டு கிளம்பினார்.

"எங்க?"

"பேங்குக்கு. நவம்பர் மாசம்டி. லைஃப் சர்டிபிகேட் கொடுக்கணும். இன்னும் லேட் பண்ணா, வளையம்தான் நெஜம்னு பென்ஷனை நிறுத்திடுவான்."

அவர் தார்நாக்கா பக்கம் போன பத்தாவது நிமிடம் எதிர் ஃபிளாட் ஷோபா காய்கறிப் பையோடு மாடி ஏறி வந்தாள். வளையத்தைப் பார்த்தாள். அட்டையைப் படித்தாள். மார்பில் கையை வைத்துக்கொண்டாள். மற்றதையெல்லாம் அவளுடைய செல்போன் பார்த்துக்கொண்டது. அதன் பலனை நாம் சாயங்காலம் பார்ப்போம்.

*

பேகம்பேட்டில் சுபாவுக்குப் பன்னிரண்டு மணிக்கு ஒரு மெயில் வந்தது. அனுப்பியவர் ரஷ்மி, மனிதவளத் துறை மேலாளர். மூன்று மணிக்கு மீட்டிங் அறைக்கு வரவும் என்று ஒரே வரி. கூடவே ஓர் இணைப்பு.

சுபா அதைத் திறந்தாள். பூக்கடைக்காரரின் டெலிவரி சீட்டு. அப்பாவின் அழகான கையெழுத்து. உறவு: செல்ஃப்.

மாடிப்படிக்கு ஓடிப்போய் அம்மாவுக்கு போன் செய்தாள்.

"அம்மா, தப்புப் பண்ணிட்டேம்மா."

"ஏண்டி அழற? என்ன ஆச்சு?"

சுபா எல்லாவற்றையும் கொட்டினாள். செய்தி வந்த அன்று, செகந்திராபாத் பிளாட்பாரத்தில் நின்றபடி போனில் லீவ் போட்டாள். துக்க லீவுக்கு யார் இறந்தது என்று ஒரு பட்டியல் இருந்தது. அப்பா, அம்மா, கணவன் அல்லது மனைவி, பிள்ளை. ஒவ்வொன்றுக்கும் ஐந்து நாள். கடைசியில் 'அதர்' என்று ஒன்று. அதைத் தொட்டால், தகுதி ஸீரோ நாட்கள் என்று வந்தது.

"அதான் அப்பாவைத் தொட்டுட்டேன்."

"அப்பாவையா!"

"ரிமார்க்ஸ்ல எழுதினேம்மா. யாரும் படிக்கல. அப்பா செத்துட்டார்னே நெனச்சுட்டாங்க. ரெண்டு வாரமா எல்லாரும் வந்து வருத்தப்பட்டாங்க, நான் பெரியப்பாவுக்குத்தான்னு நெனச்சு தலையை ஆட்டிட்டிருந்தேன். பொய்த் தகவல் கொடுத்தா வேலையை விட்டே எடுக்கலாம்னு ரூல் இருக்கும்மா. வெள்ளிக்கிழமைதான் கன்ஃபர்மேஷன்."

வேலை போவதைவிட இன்னொன்று ஜலஜாவுக்குப் பயமாக இருந்தது. வைத்தியநாதனிடம் இதை யார் சொல்வது? லீவ் பாரத்தில் ஒரு கமா தப்பாக இருந்தாலே திருப்பி அனுப்பிய மனிதர்.

பேங்கிலிருந்து ஒரு மணிக்குத் திரும்பிய மனிதரிடம் அவளேதான் சொன்னாள்.

வைத்தியநாதன் கத்தவில்லை. சோபாவில் உட்கார்ந்தார்.

"ஒரே பாட்டியை மூணு தடவை சாகடிச்சவனைப் பார்த்திருக்கேன் ஜலஜா. நிச்சயதார்த்தத்துக்கு லீவ் வாங்க மாமனாரைக் கொன்னவனைப் பார்த்திருக்கேன். எல்லாரையும் கையும் களவுமாப் பிடிச்சேன். கடைசியில என் வீட்டுலயே என்னையே கொன்னுட்டாளே."

"குழந்தை அழறாங்க."

"அழட்டும். தப்புத் தப்புதான்."

சட்டென்று தலையை நிமிர்த்தினார்.

"ரிமார்க்ஸ்ல என்ன எழுதினா?"

"அதெல்லாம் எனக்கு என்ன தெரியும்? ஏதோ இங்கிலீஷ்ல ஒரு வார்த்தை சொன்னா. பிக்கோ என்னவோ."

வைத்தியநாதனின் முகம் மாறியது. எழுந்து உள்ளே போய், பீரோவின் அடித்தட்டில் இருந்த பழைய ஃபைல்களைக் கிளற ஆரம்பித்தார். சாப்பாடு ஆறிப்போனது.

*

மீட்டிங் அறையில் மூன்று பேர். ரஷ்மி, சுபா, சுபாவின் டீம் லீட் ஸ்ரீனிவாஸ். ரஷ்மி கான்பூர்க்காரர், ஸ்ரீனிவாஸ் வாரங்கல். அவர்கள் பேசிய இந்தியையும் ஆங்கிலத்தையும் தெலுங்கையும் முடிந்தவரை தமிழில் தருகிறேன், குற்றம் சொல்லக் கூடாது.

"சுபாஸ்ரீ, உங்க அப்பா எப்படி இருக்கார்?" என்று ரஷ்மி கேட்டார். கேள்வியில் கிண்டல் இல்லை. அதுதான் பயமாக இருந்தது.

"நல்லா இருக்கார் மேடம்."

"சந்தோஷம். அப்போ இறந்தது யாரு?"

"எங்க பெரியப்பா. அப்பாவோட அண்ணன்."

"பெத்தநான்னவா?" ஸ்ரீனிவாஸ் நாற்காலியிலிருந்து பாதி எழுந்துவிட்டான். "அன்னைக்கு போன்ல அதானே சொன்னே! நான் அப்பான்னு கேட்டுட்டேன். பெத்தநான்னன்னா பாதி நான்ன, பாதி அப்பாதானே மேடம்!"

"ஸ்ரீனிவாஸ், எங்க ஊர்ல தாவூஜி. எனக்கும் உண்டு. அது பிரச்சனை இல்ல." ரஷ்மி மடிக்கணினியைத் திருப்பிக் காட்டினார். "இதுல ஃபாதர்னு இருக்கு. தவறான தகவல்னா என்ன ஆகும்னு விதிமுறை சொல்லுது. கன்ஃபர்மேஷன் ஃபைல் என் மேசையில இருக்கு. ஹெட் ஆபீஸ் இதைக் கேட்டா நான் என்ன பதில் சொல்ல?"

ஸ்ரீனிவாஸ் குரலைத் தாழ்த்தினான். "ஒரு வழி இருக்கு மேடம். அந்த அஞ்சு நாளையும் சிக் லீவா மாத்திடலாம். எவனும் கேட்க மாட்டான்."

"எனக்கு அப்போ உடம்பு நல்லாத்தான் இருந்தது," என்றாள் சுபா.

"அதனால என்ன? எல்லாரும் அப்படித்தான் பண்றாங்க."

"எல்லாரும்னா?" என்று ரஷ்மி நிமிர்ந்தார்.

ஸ்ரீனிவாஸ் நாக்கைக் கடித்துக்கொண்டான். ஆனால் வாய் தவறியது தவறியதுதான். நல்ல மனிதனுக்குப் பொய் நீளாது.

"போன வருஷம் எனக்கு வைரல் ஃபீவர் வந்துச்சே மேடம். அது ஃபீவர் இல்ல. எங்க பெத்தநான்ன."

ரஷ்மி ஒரு பெயரை அழைத்தார். கண்ணாடிக் கதவுக்கு வெளியே வேலை செய்வதுபோல் நடித்துக்கொண்டிருந்த ஸ்ரீஜா உள்ளே வந்தாள். பாலக்காட்டுப் பெண்.

"ஸ்ரீஜா, ஓணத்துக்கு முன்னாடி உனக்கு ஃபுட் பாய்சனிங்னு ரெண்டு நாள் போட்டிருக்கே."

ஸ்ரீஜா, சுபாவையும் ஸ்ரீனிவாஸையும் மாறி மாறிப் பார்த்தாள். யாரும் அவளைக் காப்பாற்றவில்லை.

"வலியச்சன் மேடம்," என்றாள் மெல்ல. "ரெண்டு நாள் வரைக்கும் டாக்டர் சீட்டு வேண்டாமே. அதான் ரெண்டு நாளோட நிறுத்திக்கிட்டேன். காரியத்துக்குக் கூட இருக்க முடியல."

அந்த ஆபீஸில் ஒரு வருடத்தில் வந்த காய்ச்சலில் பாதி யாருடைய உடம்பிலும் வந்ததில்லை என்று ரஷ்மிக்கு அப்போதுதான் உறைத்தது. பெரியப்பாக்களும் மாமாக்களும் சித்திகளும் சுடுகாடு போகும்போதெல்லாம் இங்கே தெர்மாமீட்டர் ஏறியிருக்கிறது.

"நீ ஏன் அப்படிப் போடல?" என்று சுபாவைக் கேட்டார்.

சுபா அழக்கூடாது என்று பல்லைக் கடித்துக்கொண்டிருந்தாள்.

"எனக்கு ஜுரம் வந்ததுன்னா அவர்தான் மேடம் பக்கத்துல உட்கார்ந்து கஞ்சி கொடுப்பார். அவர் போனதை எப்படி ஜுரம்னு எழுதுவேன்? 'அதர்'னு ஒண்ணு இருந்தது. தொட்டா ஸீரோ நாள்னு வந்தது. எங்க பெரியப்பா அதரும் இல்ல, ஸீரோவும் இல்ல. ஃபாதர்னு தொட்டுட்டு, ரிமார்க்ஸ்ல 'பிக்'னு எழுதினேன்."

ரஷ்மி கணினியைத் தன் பக்கம் திருப்பினார். கீழே உருட்டிப் பார்த்தார். ரிமார்க்ஸ் என்ற பெட்டி. அதற்குள் மூன்றே எழுத்து, பி, ஐ, ஜி.

"நான் அதைப் 'பெரிய'ன்னு படிச்சேன்," என்றான் ஸ்ரீனிவாஸ். "பெரிய துக்கம்னு நீ எழுதியிருப்பேன்னு நெனச்சு அப்ரூவ் பண்ணேன்."

அப்போதுதான் ரிசப்ஷனிலிருந்து போன் வந்தது. அந்தப் பெண்ணின் குரல் நடுங்கியது.

"மேடம், ஒருத்தர் வந்திருக்கார். போன மாசம் இறந்துபோன வைத்தியநாதன்னு சொல்லச் சொல்றார்."

*

முழுக்கைச் சட்டையை மடிக்காமல் பொத்தான் போட்டு, நெற்றியில் விபூதி துலங்க வைத்தியநாதன் உள்ளே வந்தார். மகளைப் பார்க்கவில்லை. ரஷ்மிக்கு வணக்கம் சொல்லி, ஒரு காகிதத்தை மேசைமேல் வைத்தார்.

"லைஃப் சர்டிபிகேட், மேடம். இன்னைக்குத்தான் எடுத்தேன். என் பொண்ணு ஃபைல்ல சேர்த்துக்குங்க."

ஸ்ரீஜா வாயைப் பொத்திக்கொண்டாள்.

"உட்காருங்க சார்," என்றார் ரஷ்மி.

"நின்னுதான் பேசணும். முப்பத்து நாலு வருஷம் லீவ் செக்‌ஷன். என் பொண்ணு பண்ணது தப்பு. தப்பான கட்டத்துல டிக் பண்ணியிருக்கா. அதுக்கு நீங்க எழுத்துல விளக்கம் கேட்கலாம். கேட்கணும்."

"அப்பா..." என்றாள் சுபா.

"நீ சும்மா இரு." மறுபடி ரஷ்மியைப் பார்த்தார். "ஆனா மேடம், ரிமார்க்ஸ் கட்டத்துல அவ உண்மையை எழுதியிருக்கா. ரிமார்க்ஸ் படிக்காம சாங்ஷன் பண்ணது யாரு?"

ஸ்ரீனிவாஸ் மேசைக்கடியில் எதையோ தேடினான்.

"மறைக்கணும்னு நெனச்சா அவ எதுக்கு எழுதணும்? அது என்ன வார்த்தைன்னு உங்களுக்குத் தெரியாது. இதைப் பாருங்க."

பழுப்பேறிய ஒரு ரிப்போர்ட் கார்டை விரித்தார். சுபாஸ்ரீ, மூன்றாம் வகுப்பு. கணக்கில் மட்டும் ஒரு சிவப்புக் கோடு. பெற்றோர் கையெழுத்து என்ற இடத்தில் டி. சாம்பசிவம் என்று இருந்தது. பக்கத்தில் உறவு: ஃபாதர், அதற்கு அடுத்து அடைப்புக்குறிக்குள் பிக். பெரியப்பா, ஆங்கிலத்தில்.

சுபாவுக்கு அதைப் பார்த்த நிமிடமே கண் நிறைந்துவிட்டது.

"நான் ஆடிட்டுக்காக டூர்ல இருப்பேன். கையெழுத்து அவர்தான். புரூஃப் ரீடர் பாருங்க, அடைப்புக்குறி போடாம இருக்க மாட்டார். பத்து வருஷம் இப்படியேதான் போட்டார். அந்த ஸ்கூல் ஒரு நாள் கூட அப்ஜெக்‌ஷன் பண்ணல."

வைத்தியநாதன் இப்போதுதான் நாற்காலியில் உட்கார்ந்தார். குரல் கொஞ்சம் இறங்கியது.

"நான் பண்ணியிருக்கேன் மேடம். இருபத்திரண்டு வருஷம் முன்னாடி ஸ்டோர்ஸ்ல சந்திரசேகரன்னு ஒரு பையன். பெரியப்பா செத்துட்டார்னு லீவ் எழுதினான். ஃபேமிலி டெஃபனிஷன்ல பெரியப்பா வரமாட்டார்னு சிவப்பு மையில எழுதித் திருப்பி அனுப்பினேன். சாயங்காலம் வீட்டுல பெருமையாச் சொன்னேன். எங்கண்ணன் சாப்பிட்டுட்டிருந்தார். சிரிச்சுக்கிட்டே கேட்டார், 'அப்போ நான் போனா சுபாவுக்கு லீவு கிடையாதா வைத்தி?'ன்னு."

மூக்குக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

"உடம்புக்கு முடியலன்னா சட்டம் லீவு கொடுக்குது. மனசுக்கு முடியலன்னா நீங்களாப் பார்த்துக் கொடுத்தாத்தான் உண்டு. அன்னைக்கு அது எனக்குத் தோணல. அண்ணனுக்கும் பதில் சொல்லல. இவளுக்கு அப்போ எட்டு வயசு, பக்கத்துல உட்கார்ந்து கேட்டுட்டிருந்தா."

ரஷ்மி ரிப்போர்ட் கார்டைக் கையில் எடுத்துக் கொஞ்ச நேரம் பார்த்தார். பிறகு தன் மேலாளர் குரலுக்குத் திரும்பினார். ஆனால் முழுசாகத் திரும்ப முடியவில்லை.

"சுபாஸ்ரீ, எழுத்து விளக்கம் நாளைக்கு வேணும். ரிமார்க்ஸ் என்னன்னு கேட்காம அப்ரூவ் ஆனதுன்னு நானும் எழுதறேன். அதுல என் பேரும் இருக்கும், ஸ்ரீனிவாஸ் பேரும் இருக்கும். பொய்த் தகவல்ங்கிற பேச்சு இதோட முடிஞ்சது. கன்ஃபர்மேஷன் வெள்ளிக்கிழமை வரும். அந்த அஞ்சு நாள் என்ன லீவ்ங்கிறதை நான் முடிவு பண்ண முடியாது, ஹெட் ஆபீஸுக்குப் போகும். லிஸ்ட்டை மாத்தணும்னு சேர்த்தே எழுதப் போறேன்." வைத்தியநாதனைப் பார்த்தார். "சார், உங்க பக்கத்துல என்னென்ன உறவெல்லாம் லிஸ்ட்ல வரணும்? ஒரு டிராஃப்ட் கொடுக்க முடியுமா?"

இந்தக் கேள்வியை லீவ் செக்‌ஷனில் இருந்தவரிடம் கேட்டிருக்கக் கூடாது. வைத்தியநாதன் பாக்கெட்டிலிருந்து பேனாவை எடுத்துவிட்டார்.

*

மெட்ரோவில் அப்பாவும் மகளும் பக்கத்துப் பக்கத்து இருக்கையில் உட்கார்ந்தார்கள். ரசூல்புரா வரை வைத்தியநாதன் உறவுப் பட்டியலை எழுதிக்கொண்டே வந்தார்.

"சாரிப்பா," என்றாள் சுபா.

"எதுக்கு?"

"உங்களைச் சாகடிச்சதுக்கு."

"பரவால்ல. வேற யாரையாவது டிக் பண்ணியிருந்தாத்தான் கோவம் வந்திருக்கும்." காகிதத்திலிருந்து தலையைத் தூக்கவில்லை. "ஒண்ணுவிட்ட சித்தப்பாவைப் போடலாமா? ரொம்பப் போடறோம்னு நெனப்பாங்களோ?"

"நக்கோப்பா," என்று சிரித்தாள் சுபா. மூக்கையும் துடைத்துக்கொண்டாள்.

வீட்டு வாசலில் வளையம் அப்படியே இருந்தது. வைத்தியநாதன் நின்றார். சிவப்புப் பேனாவை எடுத்து, அட்டையில் தன் பெயரை ஒரே கோடாக அடித்தார். மேலே டி. சாம்பசிவம் என்று எழுதினார். தந்தை என்பதற்குப் பக்கத்தில் அடைப்புக்குறி போட்டு 'பிக்' சேர்த்தார். அடித்த இடத்திலும் சேர்த்த இடத்திலும் சுருக்கொப்பம் வைத்தார். திருத்தத்தை அட்டெஸ்ட் பண்ணாமல் விடுவது அவர் பரம்பரையிலேயே இல்லை.

"இப்போ உள்ள கொண்டு போகலாம் ஜலஜா."

சாம்பசிவம் படத்தின் கீழே வளையம் போய் உட்கார்ந்தது. பொருத்தமாகத்தான் இருந்தது.

"காலையிலேருந்து லேண்ட்லைன் அடிச்சுக்கிட்டே இருக்குங்க," என்றாள் ஜலஜா. "எடுத்தா, 'தைரியமா இருங்க'ன்னு சொல்லிட்டு வெச்சுடறாங்க. எனக்கு எதுக்குத் தைரியம்?"

வைத்தியநாதன் அதைக் காதில் வாங்கவில்லை. பழைய டயரியைப் புரட்டிக்கொண்டிருந்தார். சந்திரசேகரன் நம்பர் எங்கேயாவது இருக்க வேண்டும். பேசி ஒரு வார்த்தை சொல்ல வேண்டும். என்ன வார்த்தை என்பதுதான் தெரியவில்லை. மன்னிப்பு என்ற சொல்லை அவர் ஆபீஸ் ஃபைலில் எழுதியதே கிடையாது.

அழைப்பு மணி அடித்தது. சுபா போய்க் கதவைத் திறந்தாள்.

ஐம்பத்தைந்து வயது மதிக்கத்தக்க ஒருவர். கையில் ரோஜா மாலை, முகத்தில் துக்கம். சட்டைப் பையில் பழைய கவர் ஒன்று துருத்திக்கொண்டிருந்தது.

"நீதானேம்மா சுபா? அப்பா இப்படித் திடீர்னு..." என்று ஆரம்பித்தவர், சுபாவின் தோளுக்குப் பின்னால் பார்த்தார். வாய் திறந்தபடி நின்றது. மாலை கையிலிருந்து நழுவியது.

"சந்திரசேகரா?" என்றார் வைத்தியநாதன்.

"சார்... நீங்க..."

"நான்தான். சர்டிபிகேட் கூட இருக்கு, பார்க்கறியா? உனக்கு யார் சொன்னது?"

"உங்க அபார்ட்மெண்ட் குரூப்லேருந்து பென்ஷனர்ஸ் குரூப்புக்கு வந்து, அங்கேருந்து ஸ்டாஃப் குரூப்புக்கு வந்துச்சு சார். வளையம், அட்டை, எல்லாம் போட்டோ. நூத்திப் பத்து பேர் கும்பிட்டிருக்காங்க."

எதிர் ஃபிளாட்டின் கதவு சத்தமில்லாமல் சாத்திக்கொண்டது.

சுபா மாலையை எடுத்தாள். அப்போதுதான் அந்தக் கவரின் ஓரத்தில் இருந்த கையெழுத்து அவள் கண்ணில் பட்டது. அவளுடைய பெயர். எழுதியது பெரியப்பா.

"அங்கிள், இது...?"

"உங்க பெரியப்பா அன்னைக்கு என்னைத் தேடி வந்தாரும்மா. உங்க அப்பா என் லீவைத் திருப்பினதுக்கு மறுநாள். அதை அப்புறம் சொல்றேன். முதல்ல கொஞ்சம் தண்ணி கொடு." சந்திரசேகரன் நாற்காலியில் சரிந்தார். இன்னும் வைத்தியநாதனைத் தொட்டுப் பார்க்கலாமா என்ற யோசனை அவர் விரல்களில் இருந்தது.

வைத்தியநாதன் இருபத்திரண்டு வருடமாகச் சொல்லாமல் விட்டதைச் சொல்ல இதுதான் நேரம். ஆனால் வாயில் வந்தது பழைய செக்‌ஷன் கேள்விதான்.

"உனக்கு இன்னும் சர்வீஸ் இருக்கே. இன்னைக்கு ஒர்க்கிங் டே. எப்படி வந்தே?"

"மத்தியானத்துக்கு மேல அரை நாள் லீவ் போட்டேன் சார். உங்களுக்காக."

"என்ன காரணம் எழுதினே?"

சந்திரசேகரன் தண்ணீர் டம்ளரைக் கீழே வைத்தார். தயங்கினார். பிறகு, அந்த நாளிலேயே முதல் தடவையாக, லேசாகச் சிரித்தார்.

"ஜுரம்னு எழுதினேன் சார். டெஃபனிஷன்ல நீங்க வரமாட்டீங்களே."